சாச்சல் பேஜ்: பெயரும் பெயர்க்காரணமும்

லெராய் ராபர்ட் 'சாச்சல்' பேஜ் (ஜூலை 7, 1906 – ஜூன் 8, 1982) அமெரிக்க ஐக்கிய நாடுகளைச் சேர்ந்த தொழில்முறை பேஸ்பால் வீரர். தமிழில் அடிபந்தாட்டம் எனப்படும் இவ்விளையாட்டில் எறிவாளராக ஏறத்தாழ 40 ஆண்டுகள் ஆடினார். கறுப்பின வீரர்களை வெள்ளையர் அணிகள் சேர்த்துக்கொள்ளாத காலம் அது. எனவே தம் விளையாட்டு வாழ்வின் சிறந்த ஆண்டுகளைக் கறுப்பினத்தவருக்கான தனி லீக்குகளிலேயே கழித்தார். 1948இல், 42 வயதில், மேஜர் லீக் எனப்படும் முதன்மை லீக்கில் கிளீவ்லாந்து அணிக்காக அறிமுகமானார். 1971இல் தேசிய பேஸ்பால் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார்.

இவரது பெயரில் நான்கு சொற்கள் உள்ளன. 'லெராய்' என்றால் அரசன். 'ராபர்ட்' என்றால் புகழால் ஒளிர்பவன். 'பேஜ்' என்றால் ஏவல் செய்யும் சிறுவன். 'சாச்சல்' என்றால் பை. ஆங்கிலேயரிடையே பெயர்கள் உருவான முக்கிய வழிகளை இந்த ஒரு பெயரைக் கொண்டே விளக்கிவிடலாம். அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட ஒரு மக்கள் கூட்டம், பிறர் இட்ட பெயர்களைத் தனதாக்கிக்கொண்ட வரலாறும் இதே பெயருக்குள் அடங்கியுள்ளது.

எறிவாளர் என்பவர்

கிரிக்கெட்டில் பந்துவீச்சாளருக்கு உள்ள இடம் பேஸ்பாலில் எறிவாளருக்கு உண்டு. அவர் ஆடுகளத்தின் நடுவில் உள்ள மேட்டில் நின்று 60 அடி 6 அங்குலத் தொலைவில் உள்ள மட்டையாளரை நோக்கிப் பந்தை எறிவார். பந்து தரையில் பட்டு எழுவதில்லை. கையிலிருந்து நேராக மட்டையாளரைக் கடந்து, அவருக்குப் பின்னால் குந்தியிருக்கும் பந்துபிடிப்பாளரின் கையுறைக்குச் செல்லும். வேகமும் குறியும் ஒருங்கே தேவைப்படும் பணி இது. பேஜ் இரண்டிலும் தேர்ந்தவர். குறி தவறாமல் எறிவதில் அவருக்கு இணையானவர்கள் மிகச் சிலரே என்று உடன் ஆடியவர்கள் கூறியுள்ளனர்.

ராபர்ட்: செருமானிய வேர்

தமிழ் இலக்கணம் பெயர்களை இடுகுறிப்பெயர், காரணப்பெயர் என இரண்டாகப் பகுக்கிறது. இன்று ஆங்கிலப் பெயர்கள் பலவும் இடுகுறியாகவே வழங்குகின்றன. ராபர்ட் என்று மகனுக்குப் பெயர் வைக்கும் பெற்றோர் அதன் பொருளை எண்ணி வைப்பதில்லை. ஆனால் தோன்றிய காலத்தில் அவை பொருளுடைய சொற்களாகவே இருந்தன.

பழைய ஆங்கிலப் பெயர்கள் பெரும்பாலும் இரு சொற்கள் இணைந்த தொகைகள். எட்வர்ட் என்பது செல்வம், காவலர் என்னும் இரு சொற்களால் ஆனது. ஆல்பிரட் என்பதில் 'எல்ஃப்' எனும் மாய உயிரினத்தைக் குறிக்கும் சொல்லும், அறிவுரையைக் குறிக்கும் சொல்லும் உள்ளன. ராபர்ட் என்பதும் இவ்வாறு அமைந்ததே. புகழைக் குறிக்கும் 'ஹ்ரோட்', ஒளியைக் குறிக்கும் 'பெர்ட்' என்னும் இரு பழஞ்செருமானியச் சொற்கள் அதில் உள்ளன.

1066இல் பிரான்சின் நார்மண்டிப் பகுதியை ஆண்ட வில்லியம் இங்கிலாந்தைக் கைப்பற்றினார். அவருடன் வந்த பிரபுக்களின் பெயர்கள் ஆட்சியாளரின் பெயர்களாகையால் மதிப்புப் பெற்றன. வில்லியம், ராபர்ட், ரிச்சர்ட், ஹென்றி ஆகியவை சில தலைமுறைகளுக்குள் நாடெங்கும் பரவின. பழைய ஆங்கிலப் பெயர்கள் பல வழக்கொழிந்தன. வில்லியத்தின் மூத்த மகனின் பெயரும் ராபர்ட்டே.

இதனால் ஒரு சிக்கல் எழுந்தது. பெயர்களின் எண்ணிக்கை சுருங்கியதால் ஒரே ஊரில் பல வில்லியம்களும் பல ராபர்ட்களும் இருந்தனர். யார் எந்த ராபர்ட் என்று பிரித்துச் சொல்ல இன்னொரு சொல் தேவைப்பட்டது. அந்தச் சொல்லே பிற்காலத்தில் குடும்பப் பெயராக நிலைபெற்றது.

குடும்பப் பெயர்களின் நான்கு வகைகள்

தமிழரிடையே தந்தை பெயரின் முதலெழுத்தைத் தலைப்பெழுத்தாக இடுவது வழக்கம். அது தலைமுறைதோறும் மாறும். ஆங்கிலக் குடும்பப் பெயர் அவ்வாறன்று. தலைமுறைகள் கடந்தும் மாறாமல் தொடரும். இங்கிலாந்தில் இவ்வழக்கம் 12ஆம் நூற்றாண்டு முதல் 14ஆம் நூற்றாண்டு வரை படிப்படியாகப் பரவியது. முதலில் நிலவுடைமையாளரிடமும் பின்னர் எளிய மக்களிடமும் வேரூன்றியது. 1538இல் தேவாலயங்கள் திருமுழுக்கு, திருமணம், இறப்பு ஆகியவற்றைப் பதிய வேண்டும் என்று ஆணையிடப்பட்ட பின் இப்பெயர்கள் மேலும் உறுதிப்பட்டன.

இப்பெயர்களை நான்கு வகைகளாகப் பிரிப்பர். பேஸ்பால் உலகிலேயே இவற்றுக்கு எடுத்துக்காட்டுகள் கிடைக்கின்றன.

1. தந்தை பெயர் வழி வந்தவை: 'சன்' என்னும் ஈறு மகனைக் குறிக்கும். ராபர்ட் என்பதன் செல்லப்பெயர் ராபின். ராபினின் மகன் ராபின்சன். முதன்மை லீக்கில் நிறத்தடையை 1947இல் உடைத்த ஜாக்கி ராபின்சனின் குடும்பப் பெயர் இவ்வாறு ராபர்ட்டிலிருந்து பிறந்தது. ராப்சன், ஹாப்சன், டாப்சன், ஹாப்கின்ஸ் ஆகியவையும் ராபர்ட்டின் வழித்தோன்றல்களே. பேஜின் பந்துகளைப் பிடித்த புகழ்பெற்ற வீரர் ஜாஷ் கிப்சனின் பெயர், கில்பர்ட் என்பதன் சுருக்கமான 'கிப்' என்பதிலிருந்து வந்தது.

2. இடப்பெயர் வழி வந்தவை: கிளீவ்லாந்து என்பது இங்கிலாந்தின் யார்க்‌ஷயர் பகுதியில் உள்ள குன்றுகள் நிறைந்த நிலப்பகுதியின் பெயர். அங்கிருந்து வந்தவர்களுக்கு அது குடும்பப் பெயரானது. அப்பெயர் கொண்ட மோசஸ் கிளீவ்லாந்து என்பவர் 1796இல் ஒஹாயோவில் ஒரு நகரத்துக்கு அடித்தளம் இட்டார். நகரம் அவர் பெயரைப் பெற்றது. ஊர்ப்பெயர் ஆட்பெயராகி, ஆட்பெயர் மீண்டும் ஊர்ப்பெயரானது.

3. தொழில் வழி வந்தவை: கொல்லரைக் குறிக்கும் ஸ்மித், ரொட்டி சுடுபவரைக் குறிக்கும் பேக்கர், தையல்காரரைக் குறிக்கும் டெய்லர், மிடா செய்பவரைக் குறிக்கும் கூப்பர், அம்பு செய்பவரைக் குறிக்கும் ஃபிளெட்சர் ஆகியவை இவ்வகை. பேஜ் என்பதும் இவ்வகையே.

4. பட்டப்பெயர் வழி வந்தவை: நிறத்தால் பிரவுன், உயரத்தால் லாங், வலிமையால் ஆர்ம்ஸ்ட்ராங், வயதால் யங். 511 ஆட்டங்களில் வென்று எறிவாளர்களுள் முதலிடத்தில் நிற்கும் சை யங்கின் குடும்பப் பெயர் 'இளையவர்' என்று பொருள்படும். அவரது இயற்பெயர் டென்டன் ட்ரூ யங். 'சை' என்பது சூறாவளியைக் குறிக்கும் 'சைக்ளோன்' என்பதன் சுருக்கம். அவரது எறியின் வேகத்தால் வந்தது.

லெராய்: அரசன்

பழைய பிரெஞ்சில் 'லெ ராய்' என்றால் 'அந்த அரசன்' என்று பொருள். இது முதலில் பட்டப்பெயராகவும் குடும்பப் பெயராகவும் இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவில் முதற்பெயராகவும் வைக்கத் தொடங்கினர். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கறுப்பினக் குடும்பங்களிலும் வெள்ளையர் குடும்பங்களிலும் பரவலாக வழங்கியது. பேஜ் பிற்காலத்தில் பல ஆண்டுகள் ஆடிய அணியின் பெயர் கேன்சஸ் சிட்டி மோனார்க்ஸ். மோனார்க் என்பதற்கும் அரசன் என்பதே பொருள்.

பேஜ்: ஏவல் சிறுவன்

பேஜ் என்னும் சொல் பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது. பெரிய வீடுகளிலும் அரண்மனைகளிலும் ஏவல் செய்த இளம் பணியாளை அது குறித்தது. பிரபுக்கள் வீட்டுப் பிள்ளைகளும் போர்வீரர் ஆவதற்கான பயிற்சியின் முதற்படியாக வேறு பிரபுவின் வீட்டில் பேஜ் ஆகப் பணிபுரிந்தனர்.

புத்தகத்தின் பக்கத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லும் பேஜ் என்றே எழுதப்பட்டு, அவ்வாறே ஒலிக்கிறது. ஆனால் இரண்டும் வெவ்வேறு சொற்கள். பக்கத்தைக் குறிப்பது 'பஜினா' என்னும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. இரண்டு ஆறுகள் ஒரே துறையில் வந்து சேர்ந்ததுபோல, இரு வேறு சொற்கள் காலப்போக்கில் ஒரே வடிவம் பெற்றுவிட்டன. இந்த ஒற்றுமை பேஜ் குடும்பத்தாரின் பெயர் மாற்றத்தில் ஒரு பங்கு வகித்தது.

அடிமை முறையும் குடும்பப் பெயரும்

பேஜ் பிறந்தது அலபாமா மாநிலத்தின் மொபீல் நகரில். தந்தை ஜான் தோட்டக்காரர். தாய் லூலா வீட்டு வேலை செய்து குடும்பத்தைக் காத்தவர். அடிமை முறை சட்டப்படி ஒழிந்து அப்போது 41 ஆண்டுகளே ஆகியிருந்தன.

ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்துவரப்பட்டவர்களின் சொந்தப் பெயர்களை அடிமை உடைமையாளர்கள் பெரும்பாலும் நீக்கிவிட்டனர். சில ஆப்பிரிக்கப் பெயர்கள் திரிந்த வடிவில் எஞ்சின. மேற்கு ஆப்பிரிக்காவின் அக்கான் மக்கள் பிறந்த கிழமையைக் கொண்டு பெயரிடுவர். திங்கட்கிழமை பிறந்த ஆண் 'கோஜோ'; அது 'கட்ஜோ' எனத் திரிந்தது. வெள்ளிக்கிழமை பிறந்தவன் 'கோஃபி'. அது 'கஃபி' ஆனது.

இதற்கு மொபீல் நகரிலேயே ஒரு சான்று உண்டு. அமெரிக்காவுக்கு அடிமைகளை ஏற்றிவந்ததாக அறியப்படும் கடைசிக் கப்பல் கிளோட்டில்டா. அது 1860இல் மொபீல் விரிகுடாவுக்கு வந்தது. அதில் கொண்டுவரப்பட்டவர்களுள் ஒருவரின் சொந்தப் பெயர் கொசோலா. அமெரிக்காவில் அவர் கட்ஜோ லூயிஸ் என்று அழைக்கப்பட்டார். விடுதலைக்குப் பின் மொபீலுக்கு அருகே 'ஆப்பிரிக்காடவுன்' என்னும் குடியிருப்பை அமைத்தவர்களுள் அவரும் ஒருவர். அவர் இறந்த ஆண்டு 1935. அதாவது, பேஜ் மொபீலில் சிறுவனாகத் திரிந்த காலத்தில், ஆப்பிரிக்காவில் வைத்த பெயரை இன்னும் நினைவில் வைத்திருந்த ஒருவர் அந்நகரின் அருகே வாழ்ந்துகொண்டிருந்தார்.

1850, 1860 ஆண்டுகளின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அடிமைகளுக்கெனத் தனிப்பட்டியல் இருந்தது. அதில் உடைமையாளரின் பெயர் எழுதப்பட்டது. அடிமைகளுக்கு வயது, பால், நிறம் ஆகியவை மட்டுமே. பெயர் பெரும்பாலும் இல்லை. 1870ஆம் ஆண்டின் கணக்கெடுப்பில்தான் தென் மாநிலங்களின் கறுப்பின மக்கள் பெரும்பாலோர் முதன்முறையாகப் பெயருடன் பதிவாயினர்.

விடுதலை பெற்றவர்கள் கூலி ஒப்பந்தத்துக்கும் திருமணப் பதிவுக்கும் பள்ளிச் சேர்க்கைக்கும் குடும்பப் பெயர் கூற வேண்டியிருந்தது. சிலர் முன்னாள் உடைமையாளரின் பெயரை வைத்துக்கொண்டனர். பிரிந்துபோன உறவினர் தங்களைத் தேடிக் கண்டுபிடிக்க அது உதவும் என்று எண்ணியவர்களும் உண்டு. சிலர் விடுதலையைக் குறிக்கும் 'ஃப்ரீமன்' என்ற பெயரை ஏற்றனர். கல்வியாளர் புக்கர் டி. வாஷிங்டன் பள்ளியில் சேர்ந்த நாளில் மற்ற மாணவர்களுக்கு இரண்டு பெயர்கள் இருப்பதைக் கவனித்தார். ஆசிரியர் பெயரைக் கேட்டபோது, 'வாஷிங்டன்' என்று அவ்விடத்திலேயே தமக்கு ஒரு குடும்பப் பெயரை வைத்துக்கொண்டார். இதனை அவரே தம் வரலாற்றில் பதிவு செய்துள்ளார்.

பெயர் கிடைத்த பின்னும் அதற்குரிய மரியாதை கிடைக்கவில்லை. தென் மாநிலங்களில் கறுப்பின ஆண்களை, முதியவராயினும், 'பையா' என்று அழைப்பது வெள்ளையரிடையே வழக்கமாக இருந்தது. 'மிஸ்டர்', 'மிஸ்' போன்ற மரியாதைச் சொற்கள் அவர்களுக்கு மறுக்கப்பட்டன. அலபாமா நீதிமன்றம் ஒன்றில் மேரி ஹாமில்டன் என்ற கறுப்பினப் பெண், தம்மை 'மிஸ் ஹாமில்டன்' என்று அழைத்தாலன்றிப் பதில் கூற முடியாது என்று மறுத்தார். அதற்காக நீதிமன்ற அவமதிப்புத் தண்டனை பெற்றார். அத்தண்டனையை அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1964இல் நீக்கியது. இச்சூழலில் வாழ்ந்த ஒரு குடும்பத்துக்கு 'ஏவல் சிறுவன்' என்னும் பொருளுடைய பெயர் அமைந்திருந்தது என்பது கருதத்தக்கது.

ஓர் எழுத்தின் சேர்க்கை

1920களின் நடுவில், லெராய் தொழில்முறை ஆட்டத்துக்குள் நுழைவதற்குச் சற்று முன், தாய் லூலாவும் பிள்ளைகளும் தங்கள் குடும்பப் பெயரில் 'ஐ' என்னும் ஆங்கில எழுத்தைச் சேர்த்தனர். ஒலிப்பு மாறவில்லை, எழுத்து மட்டும் மாறியது. தந்தை ஜான் இறந்ததும் இக்காலத்தை ஒட்டியே.

மாற்றத்துக்கு இரு காரணங்கள் கூறப்பட்டன. பழைய வடிவம் புத்தகப் பக்கத்தைப்போல் தோன்றியது என்றார் தாய். பெயருக்குச் சற்று உயர்ந்த தோரணை வரவேண்டும் என்பதற்காகவே அந்த எழுத்தைச் சேர்த்தனர் என்றார் மகன். இரண்டிலும் பொதுவாக உள்ளது ஒன்றே: பெயர் எப்படி எழுதப்பட வேண்டும் என்பதை அவர்களே முடிவு செய்தனர்.

ஆங்கிலப் பெயர்களின் எழுத்து நெடுங்காலம் நிலையற்றே இருந்தது. நாடகாசிரியர் ஷேக்ஸ்பியரின் கையொப்பங்களாக எஞ்சியுள்ள ஆறும் ஒரே மாதிரி எழுதப்பட்டவை அல்ல. ஸ்மித், பிரவுன், கிளார்க் ஆகியவற்றுக்கும் பல வடிவங்கள் உண்டு. கிளீவ்லாந்து நகரம்கூட, அதை நிறுவியவரின் பெயரில் இருந்த 'ஏ' என்னும் எழுத்தை 19ஆம் நூற்றாண்டில் இழந்தது.

பிற்காலத்தில் இதைவிடப் பெரிய பெயர் மாற்றங்கள் நிகழ்ந்தன. மால்கம் லிட்டில் தம் குடும்பப் பெயரை அடிமை உடைமையாளர் இட்டதெனத் துறந்து மால்கம் எக்ஸ் ஆனார். குத்துச்சண்டை வீரர் கேசியஸ் கிளே 1964இல் முகம்மது அலி ஆனார். பேஜ் குடும்பம் செய்தது அளவில் சிறியது. ஆனால் அவர்களுக்குப் பல ஆண்டுகள் முந்தையது.

சாச்சல்: பட்டப்பெயர்

சாச்சல் என்பது தோளில் மாட்டும் சிறு பையைக் குறிக்கும். இலத்தீனில் 'சக்குஸ்' என்றால் பை. 'சக்கெல்லுஸ்' என்றால் சிறு பை. அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது.

சிறுவன் லெராய் மொபீல் தொடர்வண்டி நிலையத்தில் பயணிகளின் பைகளைச் சுமந்து காசு ஈட்டினான். ஒரு முறைக்கு ஒரு பையென்றால் வரும்படி போதாது. எனவே ஒரு கழியில் கயிறுகளைக் கட்டி, பல பைகளை ஒரே நேரத்தில் தொங்கவிட்டுச் சுமந்தான். பைகள் காய்த்த மரம் நடந்து வருவதுபோல் இருக்கிறது என்று உடனிருந்தவர்கள் கேலி செய்தனர். அதிலிருந்து 'சாச்சல்' என்ற பெயர் ஒட்டிக்கொண்டது என்பது பேஜ் கூறிய வரலாறு. ஒரு பையைத் தூக்கிக்கொண்டு ஓட முயன்று பிடிபட்டதால் வந்த பெயர் அது என்று சிறுவயது நண்பர் ஒருவர் வேறு காரணம் கூறினார்.

சுமைதூக்குபவரைக் குறிக்கும் 'போர்ட்டர்' என்பதும் இடைக்கால இங்கிலாந்தில் குடும்பப் பெயரானது. வாயில் காப்பவரையும் அச்சொல் குறிக்கும். லெராய் 13ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் இவ்வேலையைச் செய்திருந்தால், அவருக்கு வாய்த்த பட்டப்பெயர் பேரப்பிள்ளைகள் வரை குடும்பப் பெயராகத் தொடர்ந்திருக்கக்கூடும்.

அக்காலத் தொடர்வண்டிகளில் பெயர் சார்ந்த இன்னொரு வழக்கமும் இருந்தது. புல்மன் நிறுவனத்தின் படுக்கை வசதிப் பெட்டிகளில் பணிபுரிந்த கறுப்பினப் பணியாளர்கள் எல்லோரையும் பயணிகள் 'ஜார்ஜ்' என்றே அழைத்தனர். அது நிறுவனத்தின் உரிமையாளர் ஜார்ஜ் புல்மனின் பெயர். அடிமையை உடைமையாளரின் பெயரால் அழைத்த பழக்கத்தின் எச்சம் அது. பைகளைச் சுமந்த லெராய்க்குக் கிடைத்ததோ அவரை மட்டுமே குறிக்கும் பெயர்.

விளையாட்டு வாழ்க்கை

1918இல், 12 வயதில், கடையில் சிறு பொருள்களைத் திருடியதற்காகவும் பள்ளிக்கு ஒழுங்காகச் செல்லாததற்காகவும் லெராய் அலபாமாவின் மவுண்ட் மீக்ஸ் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பப்பட்டார். ஐந்து ஆண்டுகளுக்கு மேல் அங்கிருந்தார். எட்வர்ட் பைர்ட் என்ற பயிற்சியாளர், முன்காலை உயரத் தூக்கி, உடலின் எடை முழுவதையும் பந்துக்குக் கொடுத்து எறியக் கற்றுத்தந்தார்.

1926இல் சாட்டநூகா பிளாக் லுக்கவுட்ஸ் அணியில் தொழில்முறை வாழ்க்கை தொடங்கியது. பின்னர் பர்மிங்காம் பிளாக் பேரன்ஸ், பிட்ஸ்பர்க் கிராஃபோர்ட்ஸ் ஆகிய அணிகளில் ஆடினார். இவை 'நீக்ரோ லீக்' என்று அக்காலத்தில் வழங்கிய அமைப்பைச் சேர்ந்தவை. அச்சொல் இன்று வழக்கில் இல்லை; வரலாற்றுப் பெயராக மட்டுமே எஞ்சியுள்ளது. 1935இல் வடக்கு டகோட்டாவின் பிஸ்மார்க் நகரில், வெள்ளையரும் கறுப்பினத்தவரும் சேர்ந்து ஆடிய அணியில் இடம்பெற்றார். 1937இல் டொமினிக்கன் குடியரசில் சர்வாதிகாரி ட்ருஹீயோவின் ஆதரவு பெற்ற அணிக்கு ஆடினார். தலைநகர் சாந்தோ டொமிங்கோவுக்கு அந்தச் சர்வாதிகாரி தம் பெயரையே சூட்டியிருந்த காலம் அது. பின்னர் மோனார்க்ஸ் அணியில் சேர்ந்து, 1942இல் அவ்வணி நீக்ரோ உலகத் தொடரை வெல்லத் துணைநின்றார்.

எறிகளுக்கு இட்ட பெயர்கள்

பேஜ் தம் எறி வகைகளுக்குத் தாமே பெயர் சூட்டினார். மிக வேகமான எறி 'லாங் டாம்'. சற்றே மெதுவானது 'லிட்டில் டாம்'. 'ஜம்ப் பால்', 'ட்ரபிள் பால்', 'பேட் டாட்ஜர்' எனப் பட்டியல் நீண்டது. 'பீ பால்' என்பதற்கு இரு காரணங்கள் கூறுவார். பந்து தேனீயைப்போல் ரீங்கரித்துச் செல்வதால் என்பது ஒன்று. அது எங்கே இருக்க வேண்டும் என்று தாம் விரும்புகிறாரோ அங்கேயே இருப்பதால் என்பது மற்றொன்று. ஆங்கிலத்தில் தேனீயைக் குறிக்கும் சொல்லும் 'இரு' என்னும் வினையும் ஒரே ஒலியுடையவை. அச்சிலேடையே பெயரின் சுவை.

'தயங்கும் எறி' எனப் பொருள்படும் 'ஹெசிட்டேஷன் பிட்ச்' மிகவும் பேசப்பட்டது. முன்கால் தரையில் ஊன்றிய பின்னும் கை ஒரு கணம் தாமதித்துப் பந்தை விடும். மட்டையாளர் அதற்குள் மட்டையைச் சுழற்றிவிடுவார். 1948இல் அமெரிக்கன் லீக்கின் தலைவர் வில் ஹாரிட்ஜ் இதற்குத் தடை விதித்தார்.

பிறருக்கும் பேஜ் பெயரிட்டார். நெருங்கிய நண்பரும் மோனார்க்ஸ் வீரருமான பக் ஓ'நீலை வாழ்நாள் முழுவதும் 'நான்சி' என்றே அழைத்தார். நான்சி என்ற பெண்ணின் பொருட்டு பேஜ் மாட்டிக்கொள்ளவிருந்த ஒரு தருணத்தில், அந்தப் பெயருக்குரியவர் தாமே என்பதுபோல் ஓ'நீல் முன்வந்து காப்பாற்றினாராம். அன்று முதல் அப்பெயர் நிலைத்தது.

மொபீலில் பிறந்த இன்னொரு வீரர் டெட் ராட்கிளிஃப். 1932இல் ஒரே நாளில் நடந்த இரு ஆட்டங்களில், முதலாவதில் பேஜின் பந்துகளைப் பிடித்தார்; இரண்டாவதில் தாமே எறிவாளராக இறங்கினார். எழுத்தாளர் டேமன் ரன்யன் அவருக்கு 'டபுள் டியூட்டி', அதாவது இரட்டைப் பணி, என்று பெயரிட்டார். 2005இல் 103 வயதில் இறக்கும் வரை அப்பெயரே அவருக்கு வழங்கியது.

முதன்மை லீக்கில்

1945இல் மோனார்க்ஸ் அணியில் உடன் ஆடிய இளைஞர் ஜாக்கி ராபின்சனை புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணி ஒப்பந்தம் செய்தது. நிறத்தடையை உடைக்கும் முதல் வீரராகத் தாம் தேர்ந்தெடுக்கப்படாதது பேஜுக்கு வருத்தம் தந்தது. எனினும் ராபின்சனின் தகுதியை அவர் வெளிப்படையாகப் பாராட்டினார்.

1948 ஜூலை 7, பேஜின் 42ஆம் பிறந்தநாள். அன்று கிளீவ்லாந்து இந்தியன்ஸ் அணியின் உரிமையாளர் பில் வீக் அவரை ஒப்பந்தம் செய்தார். இது கூட்டம் சேர்ப்பதற்கான வித்தை என்று சிலர் குறைகூறினர். பேஜ் அப்பருவத்தில் 6 ஆட்டங்களில் வென்று ஒன்றில் மட்டுமே தோற்றார். ஆகஸ்ட் 20 அன்று அவர் எறிவதைக் காணக் கிளீவ்லாந்து அரங்கில் 78,382 பேர் திரண்டனர். அவ்வாண்டு கிளீவ்லாந்து உலகத் தொடரை வென்றது. உலகத் தொடரில் பந்தெறிந்த முதல் கறுப்பின வீரரானார் பேஜ். அந்த அணி, பூர்வகுடிகளைக் குறித்த தன் பெயரை விட்டு, 2022 பருவம் முதல் கார்டியன்ஸ் என்று ஆடுகிறது.

1951 முதல் 1953 வரை செயின்ட் லூயிஸ் பிரவுன்ஸ் அணியில் ஆடினார். 1965 செப்டம்பர் 25 அன்று, 59 வயதில், கேன்சஸ் சிட்டி அத்லெட்டிக்ஸ் அணிக்காக மூன்று இன்னிங்ஸ் எறிந்தார். எதிரணிக்கு ஒரே ஒரு வெற்றிகரமான அடி கிடைத்தது. ஓட்டம் ஏதும் கிடைக்கவில்லை.

அவரது வயது நெடுங்காலம் விவாதப் பொருளாக இருந்தது. பிறந்தநாள் எழுதப்பட்ட குடும்ப விவிலியத்தை ஆடு தின்றுவிட்டது என்று கூறிச் செய்தியாளர்களைச் சிரிக்க வைப்பார். மொபீல் சுகாதாரத் துறையின் பிறப்புப் பதிவு 1906 ஜூலை 7 என்று காட்டியது.

புகழ் மண்டபமும் பதிவேடும்

1971இல் புகழ் மண்டபம் பேஜைத் தேர்ந்தெடுத்தது. நீக்ரோ லீக் சாதனைகளுக்காகத் தேர்வான முதல் வீரர் அவரே. ஆனால் அந்த லீக் வீரர்களின் பலகைகளைத் தனிப்பகுதியில் வைக்க முதலில் திட்டமிடப்பட்டது. ஆடுகளத்தில் ஒழிந்த பிரிவினை சுவரில் தொடர்வதா என்று எதிர்ப்பு எழுந்தது. திட்டம் கைவிடப்பட்டு, ஆகஸ்ட் மாதம் மற்ற வீரர்களுடன் சமமாக அவர் சேர்க்கப்பட்டார்.

1982 ஜூன் 8 அன்று கேன்சஸ் சிட்டியில் காலமானார். 1920 முதல் 1948 வரையிலான நீக்ரோ லீக்குகள் முதன்மை லீக் தகுதியுடையவை என்று 2020 டிசம்பரில் அறிவிக்கப்பட்டது. 2024 மே மாதம் அந்த லீக்குகளின் புள்ளிவிவரங்கள் முதன்மை லீக்கின் பதிவேட்டில் இணைக்கப்பட்டன. இப்போது சை யங், ஜாக்கி ராபின்சன் ஆகியோரின் பெயர்கள் உள்ள அதே பட்டியலில், பர்மிங்காமிலும் பிட்ஸ்பர்கிலும் அவர் எறிந்த ஆண்டுகளும் சாச்சல் பேஜ் என்ற பெயரில் காணப்படுகின்றன. புகழ் மண்டபத்தின் பலகையில் லெராய், ராபர்ட், பேஜ், சாச்சல் ஆகிய நான்கு சொற்களும் உள்ளன. தாய் லூலா சேர்த்த எழுத்தும் அதில் உள்ளது.